எட்டொன்றாய் வற்றிய வைன்

வைன் சூடாக்குவதற்கு எங்கள் கட்டடத்தில் என்னை விட்டால் ஆளில்லை. பெருமைக்குச் சொல்லவில்லை என்று எழுதினால் பொய்யாகிவிடும். பெருமைக்குத்தான் சொல்கிறேன்.

பலெர்மோவில், அல்பெர்கேரியாவில், பல்லாரோ சந்தையிலிருந்து மூன்று சந்து தள்ளி மூன்றாம் மாடியில் இருக்கிறேன். டிசம்பரில், நத்தாருக்கு முந்தின கிழமை, ஒரு பின்னேரம், கட்டடத்துக்காரர் எல்லோரும் கீழ் முற்றத்தில் கூடுவார்கள். இத்தாலியர் நாலு வீடு, நாங்கள் யாழ்ப்பாணத்தார் இரண்டு வீடு, பங்களாதேசத்தார் ஒரு வீடு. ஆளுக்கொரு பலகாரம் வரும். குடிக்காதவர்களுக்கு இஞ்சித் தேத்தண்ணி தனியாக வரும். வைன் மட்டும் என்னுடையது. அதில் வேறு யாரும் கை வைப்பதில்லை.

செய்முறையை ஒளிக்கிற ஆள் நானில்லை. சிவப்பு வைன் மூன்று போத்தல். சந்தையில் இலையோடு விற்கிற தோடம்பழத்தின் ஆரஞ்சுத் தோல், வெள்ளை படாமல் மெல்லிதாகச் சீவினது. கறுவா, கராம்பு, சீனி. இரண்டு ஏலக்காய் எங்கள் பக்கத்துச் சேர்மானம், இத்தாலியர் அது போடமாட்டார்கள். அடுப்பைத் தணித்து வைத்துவிட்டுப் பக்கத்திலேயே நிற்க வேண்டும். ஓரத்தில் சின்னக் குமிழி வரப் பார்க்கும். வர விடக்கூடாது. ஆவி எழும்பினவுடன் இறக்கி, மூடி, கால் மணித்தியாலம் தொடாமல் விட வேண்டும். அவ்வளவுதான்.

போன மாதமும் அப்படி நிற்கும்போது நாலாம் மாடிப் பிள்ளை படியிறங்கி வந்து எட்டிப் பார்த்தாள்.

"அன்ரி, இந்தமுறை எனக்கு ரெண்டு கப் எடுத்து வையுங்கோ. போனமுறை நான் வாறதுக்குள்ளை இத்தாலிக்காரர் முடிச்சுப்போட்டினம்."

"உனக்கு அரைக் கப் காணும். போனமுறை உன்னைப் படியேத்த ரெண்டு பேர் பிடிச்சது மறந்துபோச்சோ?"

"அது செருப்பு வழுக்கினது அன்ரி."

"ஓம், ஓம். செருப்பும் குடிச்சதுதானே."

இந்த வைனை எனக்குப் பழக்கினது நான் வேலை செய்த வீட்டுச் சின்யோரா. வியா மக்வேதா என்ற பெரிய தெருவுக்குப் பின்பக்கம், உயரமான யன்னல்கள் வைத்த பழைய வீடு. அவருடைய கணவர் வடக்குப் பக்கத்து ஆள், குளிர் நாட்டில் பிறந்தவர். அதனால் அந்த வீட்டில் டிசம்பர் வந்தால் சீட்டு விளையாட வருகிறவர்களுக்குச் சூடான வைன் கொடுக்க வேண்டும். நான் சேர்ந்த முதல் வருடம், என் இத்தாலியன் இருபது சொல்லைத் தாண்டாத காலம், சின்யோரா தலைமயிர் வெட்டப் போகுமுன் இரண்டு போத்தலையும் கறுவாவையும் கராம்பையும் மேசையில் வைத்து, அடுப்பைக் காட்டி, கையால் ஏதோ சொல்லிவிட்டுப் போனார்.

எனக்கு ஒரே சந்தோசம். இத்தனை நாளும் துடைப்பதும் மினுக்குவதுமாக இருந்த கைக்கு, தெரிந்த வேலை ஒன்று கிடைத்துவிட்டது. வைன் காய்ச்ச எனக்குத் தெரியும். எட்டு வயதில் காய்ச்சினவள் நான். ஒரு குச்சியைப் பானைக்குள் விட்டு நனைந்த அளவை எடுத்தேன், எட்டாய்ப் பங்கிட்டேன், நெருப்பை எழுப்பிவிட்டேன். மூன்று மணித்தியாலம் நின்று, எட்டில் ஒரு பங்கு வரும்வரை வற்ற வைத்தேன்.

சின்யோரா வந்து மூடியைத் திறந்தார். இரண்டு போத்தல் வைன், பானையின் அடியில் கறுப்புப் பாகாக ஒட்டிக் கிடந்தது. விருந்தினர் வர ஒரு மணித்தியாலம்கூட இல்லை. என் கதை முடிந்தது, நாளைக்கு வேறு வீடு தேட வேண்டும் என்று நான் நிற்க, சின்யோரா விரலை விட்டு நக்கிப் பார்த்தார். பிறகு கதிரையில் இருந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "வீனோ கோத்தோ!" என்றார். இந்தப் பக்கத்தில் திராட்சைச் சாற்றை வற்றக் காய்ச்சிப் பலகாரத்துக்கு ஊற்றுவார்கள், அதற்குப் பெயர் அது. அன்றைக்கு என் பாகு ரிக்கொத்தாப் பாற்கட்டியின் மேல் ஊற்றப்பட்டு விருந்தினருக்குப் போனது. கேட்டவர்களுக்கெல்லாம் "இது சிலோன் முறை" என்று சின்யோரா சொன்னார். அந்த மனுசிக்கு நான் பட்ட கடனில் இது ஒன்று.

பிறகு வேறு இரண்டு போத்தல் உடைத்து, என்னைப் பக்கத்தில் நிறுத்தி, கொதிக்க விடாமல் செய்து காட்டினார். மூடியைத் திறந்து, மணத்தைப் பார் என்றார். முகத்தைக் கொண்டுபோனேன். அப்படியே நிலத்தில் குந்திவிட்டேன். எனக்கு ஏறிவிட்டதென்று சின்யோரா நினைத்தார்.

ஏறவில்லை. அது எனக்குத் தெரிந்த மணம். எட்டு வயதில், பூட்டின கதவுக்கு வெளியே நின்று பிடித்த மணம். அதுவரைக்கும் அது நான் காய்ச்சின வைனின் மணம் என்றுதான் எண்ணியிருந்தேன். ஆனால் நான் காய்ச்சினது அன்றைக்கும் சரி, சின்யோராவின் குசினியிலும் சரி, பனங்கட்டி தீய்ந்த மாதிரித்தான் மணத்தது. அப்படியென்றால் அந்தக் கதவுக்குப் பின்னால் இருந்தது வேறொரு வைன்.

இனி அதைச் சொல்கிறேன். நான் எழுத்துக்கூட்டி எழுதுகிறவள், ஆறுதலாக, மெதுவாகத்தான் வரும்.

எனக்குத் தம்பி பிறக்கப்போகிறான் என்று சொல்லியிருந்தார்கள். தம்பி என்று எப்படித் தெரியும் என்று நான் கேட்கவில்லை. அம்மாவை ஆசுப்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். நாலாம் நாள் அம்மா காரில் வந்து இறங்கினார். கையில் ஒன்றுமில்லை. நான் காருக்குள்ளே எட்டிப் பார்த்தேன். பின் இருக்கையில் ஒரு பாயும் ஒரு சுடுதண்ணிப் போத்தலும் இருந்தன. யாரும் எனக்கு ஒன்றும் சொல்லவில்லை.

அன்றிலிருந்து அம்மா கதைக்கவில்லை. கோபமும் இல்லை, அழுகையும் இல்லை. அறையில் சுவரைப் பார்த்தபடி கிடப்பார். சோற்றை வைத்தால் இரண்டு வாய், சிலவேளை அதுவுமில்லை. நான் போய்ப் பக்கத்தில் இருந்தால் என்னைப் பார்ப்பார், ஆனால் பார்வை எனக்குப் பின்னால் எங்கேயோ போகும். தலை பின்னிவிட ஆளில்லாமல் நான் பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் நின்றேன். அம்மா என்னோடு ஒரு சொல் கதைத்தால் பிள்ளையாருக்கு என் கண்ணாடி வளையல் இரண்டையும் தருவேன் என்று நேர்த்தி வைத்தேன். ஒரு கிழமை போயிற்று, இரண்டு கிழமை போயிற்று. வளையல் என் கையிலேயே கிடந்தது.

வீட்டை நடத்தியது ஐயாவின் தமக்கை, என் மாமி. புருசன் செத்து எங்களோடு வந்திருந்தவர். வெள்ளைச் சீலை, திருநீறு, மச்சம் மாமிசம் பக்கத்தாலும் போகக்கூடாது. அவருக்கு நான் மட்டுமல்ல, ஐயாவும் பயம். துக்கம் விசாரிக்க வந்த பெண்கள் முகத்தைச் சுழித்து அழ ஆயத்தமானால் மாமி வாசலிலேயே மறித்துவிடுவார்.

"இஞ்சை ஒருத்தரும் அழக்கூடாது. பேர் வைக்காத பிள்ளைக்கு அழுதால் அடுத்தது தங்காது. தேத்தண்ணியைக் குடிச்சிட்டுப் போங்கோ."

அது மாமி கண்டுபிடித்த சட்டம் இல்லை. ஊரில் அப்படித்தான். மூச்சு விடாமல் பிறந்த குழந்தைக்குச் செத்தவீடு இல்லை, பறை இல்லை, எட்டுச்செலவு இல்லை. பெண்கள் வட்டமாயிருந்து கட்டிப்பிடித்து அழுவதும் இல்லை. ஆனால் எனக்கு அது மாமியின் வாயிலிருந்து வந்தபடியால் மாமியின் சட்டம் என்றே பட்டது.

மார்கழி மழையோடு அம்மாவின் தம்பி வந்தார். மலைநாட்டில் தேயிலைத் தோட்டத்தில் கிளாக்கர் வேலை. பெட்டியைத் திறந்து, துவாயில் சுற்றின போத்தல் ஒன்றை மாமா வெளியே எடுத்தார். நத்தாருக்குத் துரை கொடுத்த வைன்.

"மச்சாள், சத்தம் போடாதேங்கோ. இது குடிக்கிறதுக்கில்லை, மருந்து. குளிருக்குத் துரைசாணி இதைச் சூடாக்கிக் கறுவா கராம்பு போட்டுக் குடுக்கிறவ. அக்காவுக்கு ஒரு பேணி குடுத்தால் உடம்பு இளகும், நித்திரை வரும்."

எல்லோரும் மாமியின் முகத்தைப் பார்த்தோம். போத்தல் கிணற்றடிக்குப் போகப்போகிறது என்று நான் நினைத்தேன். மாமி போத்தலை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"மருந்து எண்டு நீர்தானே சொன்னனீர்?"

"ஓம் மச்சாள்."

"மருந்தெண்டால் மருந்து மாதிரிக் காய்ச்சவேணும்."

எங்கள் வீட்டில் மருந்து என்றால் கசாயம். கசாயம் என்றால் எட்டொன்றாய் வற்றக் காய்ச்சுவது. மாமி மண்சட்டியைக் கழுவி வைத்து, வேர்க்கொம்பும் மிளகும் திப்பிலியும் கறுவாவும் கராம்பும் தட்டிப் போட்டு, போத்தலைச் சரித்தார். பாதிதான் விழுந்தது.

"மிச்சம்?" என்று மாமா கேட்டார்.

"அடியிலை மண்டி. ஊத்தக் கூடாது."

"வைனிலை மண்டியோ? மச்சாள், கொதிக்க விடாதேங்கோ! உள்ளதெல்லாம் ஆவியாய்ப் போயிடும். ஆவி பறந்தவுடனை இறக்கி மூடவேணும். தோடம்பழத் தோல் ஒரு துண்டு போடவேணும். ஏலக்காய் ரெண்டு. துரைசாணி பக்கத்திலை நிண்டு பார்த்துக்கொண்டே…"

"துரைசாணிக்குக் கசாயம் காய்ச்சத் தெரியாது. நீர் போய் மழைக்கு மாட்டைப் பிடிச்சுக் கட்டும்."

மாமா தலையில் கைவைத்தபடி போனார். மாமி ஓர் ஈர்க்கைச் சட்டிக்குள் விட்டு, நனைந்த இடத்தை எட்டாய் மடித்து, நகத்தால் அடையாளம் போட்டு என்னிடம் தந்தார்.

"இதிலை ஒரு மடிப்புக்கு வரும்வரைக்கும் பார்த்துக்கொண்டிரு. நெருப்பு அணையக் கூடாது. இது உன்ரை பொறுப்பு."

என் வாழ்க்கையில் எனக்குத் தரப்பட்ட முதல் பொறுப்பு அது. கண் எரிய எரிய ஊதினேன். நிமிடத்துக்கு ஒரு தரம் ஈர்க்கை விட்டுப் பார்த்தேன். என் கையாலே காய்ச்சின மருந்தில் அம்மா எழும்பி இருந்து "பிள்ளை" என்று கூப்பிடுவார் என்று எனக்குள் நிச்சயம். ஒரு மடிப்பு வந்தபோது சட்டியில் இருந்தது ஒரு கரண்டிப் பாகு.

மாமி அதை ஐயா, மாமா, விசாரிக்க வந்திருந்த பக்கத்து வீட்டுக்காரி எல்லோரும் பார்க்க நடு அறையில் வைத்து அம்மாவின் வாயில் விட்டார். அம்மா விழுங்கினார். முகம்கூடச் சுழிக்கவில்லை. திரும்பவும் சுவரைப் பார்த்துப் படுத்தார். மாமா சட்டியை விரலால் வழித்து நக்கிப் பார்த்து, "துரை பார்த்தால் ரத்தக்கண்ணீர் விடுவான்" என்றார். பக்கத்து வீட்டுக்காரி போகும்போது, "என்ன இருந்தாலும் உங்கடை அக்கா ஆசாரம் தப்பாத மனுசி அண்ணை" என்று ஐயாவிடம் சொன்னார். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அழக்கூடாத வீடாகையால் அடக்கிக்கொண்டேன்.

பின்னேரம் மழை பிடித்துக்கொண்டது. மாமி எனக்குப் பாண் துண்டொன்று தந்து, மாமாவோடு மாட்டுக் கொட்டிலில் விளையாடச் சொன்னார். விளக்கு வைக்கிற நேரம் நான் திரும்பி வந்தபோது குசினியில் மாமி இல்லை. அடுப்புச் சாம்பலில் தோடம்பழக் கொட்டை இரண்டு கிடந்தது. அம்மாவின் அறைக் கதவு உள்ளே பூட்டியிருந்தது. கதவின் கீழால் மணம் வந்தது. கராம்பும் தோலும் இனிப்பும் சேர்ந்து, மழை மணத்துக்கு மேலாலே எழும்பி வந்த அந்த மணம்.

முதலில் மாமியின் குரல் கேட்டது. மெல்லிய குரல். அப்படி ஒரு குரல் மாமியிடம் இருப்பதே எனக்குத் தெரியாது.

"குடி பிள்ளை. நானும் குடிக்கிறன். பார், குடிக்கிறன்." பேணியை நிலத்தில் வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு, "எனக்கு ரெண்டு பிள்ளை அப்பிடிப் போனது. ஒண்டுக்கும் என்னை அழ விடேல்லை. நீ அழு. நான் இருக்கிறன், நீ அழு."

அதற்குப் பிறகுதான் அம்மா அழுதார். அழுகை என்றால் சின்ன அழுகை இல்லை. மாடு கூப்பிடுகிற மாதிரி அடிவயிற்றிலிருந்து. மாமியின் அழுகையும் சேர்ந்துகொண்டது. நான் விறாந்தைக்கு ஓடினேன்.

"ஐயா, மாமி அம்மாவை அழப் பண்ணுறா! கதவைப் பூட்டிப்போட்டு அழப் பண்ணுறா!"

ஐயா எழும்பி வந்தார். கதவடியில் நின்றார். மூக்கை உயர்த்தி ஒருதரம் மணந்தார். அவர் கதவை உடைக்கப்போகிறார் என்று நான் ஒதுங்கி நின்றேன். அவர் திரும்பிப்போய் ரேடியோவைப் போட்டார். திருகியை அதன் முடிவுவரைக்கும் திருகினார். சிங்களச் செய்தி. ஐயாவுக்கு அதில் ஒரு சொல் விளங்காது. பற்றரி தீருமென்று எங்களை ஒரு பாட்டுக்கூடக் கேட்க விடாத மனுசன், அந்த இரைச்சலுக்குப் பக்கத்தில் கதிரையைப் போட்டு, படலையைப் பார்த்தபடி இருந்தார்.

பக்கத்து வீட்டுக்காரி குடையோடு படலையடிக்கு வந்தார்.

"என்னண்ணை, இந்த வயசிலை சிங்களம் படிக்கிறியளோ?"

"ஓம். அரசாங்கம் விடாது போலை கிடக்கு."

"அக்கா எங்கை?"

"நித்திரை. ரெண்டு பேரும் நித்திரை. நாளைக்கு வாங்கோ."

அடுத்த நாள் விடிய அம்மா எழும்பிக் கிணற்றடிக்குப் போய்த் தலைக்குக் குளித்தார். வந்து, என்னைக் கூப்பிட்டு முன்னால் இருத்தி, "தலையைப் பார், குருவி கூடு கட்டலாம்" என்றபடி சிக்கெடுத்தார். அந்த ஒரு சொல்லுக்காக வளையலைப் பிள்ளையாருக்குக் கொடுத்தேன். பள்ளிக்கூடத்தில், அம்மாவுக்கு வைன் காய்ச்சிக் கொடுத்துச் சுகப்படுத்தினது நான்தான் என்று வகுப்பு முழுக்கச் சொன்னேன். ஐயாவைப் பள்ளிக்கூடத்துக்குக் கூப்பிட்டு விசாரித்தார்கள்.

மாமியோடு மட்டும் நான் கதைக்கவில்லை. மூன்று நாள் அவர் கையால் சாப்பிடவில்லை. பிறகு பசி வென்றது, ஆனால் மனதுக்குள் அந்தக் கோபம் கிடந்தது. மாமி சாகும்வரைக்கும் அவரை நான் கல்நெஞ்சுக்காரி என்றே வைத்திருந்தேன். அடுத்த வருசத்துக்கு அடுத்த வருசம் எனக்கு ஒரு தம்பி பிறந்தான், தங்கினான். அந்தத் தம்பியை அதிகம் தூக்கி வளர்த்தது மாமி. அதைப் பார்த்தும் என் கோபம் இளகவில்லை.

அரைப் போத்தலை ஊர் பார்க்க எரித்துவிட்டு, மிச்ச அரைப் போத்தலை மாமா சொன்ன சொல் ஒன்று தப்பாமல் செய்திருக்கிறார் அந்த மனுசி. ஆசாரம் தப்பாத மனுசி தானும் ஒரு பேணி குடித்திருக்கிறார், அம்மா தனியாகக் குடிக்க வேண்டாம் என்று. இது எனக்கு விளங்கினது சின்யோராவின் குசினியில், நாற்பது தாண்டின வயதில். நன்றி சொல்ல மாமி இல்லை, ஐயாவும் இல்லை. அந்த வீடும் இல்லை. எனக்கு இந்த ஊர் வேலை தந்தது, பெர்மெசோ என்கிற வதிவிட அனுமதி தந்தது, அதோடு என் மாமியையும் திருப்பித் தந்தது. கோவிலுக்குப் போனால் என் ஆட்களின் பெயரோடு சின்யோராவின் பெயருக்கும் ஓர் அர்ச்சனை செய்கிறேன். ஐயர் அந்தப் பெயரை உச்சரிக்கப் படும் பாட்டைக் கேட்க வேண்டும்.

அந்தப் பின்னேரத்தில் ஒன்றைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். வெட்கத்தால் விட்டேன், ஆனால் எழுதத் தொடங்கினால் முழுதும் எழுத வேண்டும்.

ஐயா ரேடியோவைப் போட்டு இருந்தபிறகு நான் திரும்ப அறைக் கதவடிக்கு ஓடினேன். யாரும் அம்மாவைக் காப்பாற்ற வராதபடியால் நானே காப்பாற்றுவது என்று. இரண்டு கையாலும் கதவில் அடித்தேன்.

"மாமி, கதவைத் திறவுங்கோ! அம்மாவை விடுங்கோ!"

உள்ளே அழுகை ஒரு கணம் நின்றது. பிறகு அம்மாவின் குரல் வந்தது. மூக்கடைத்த, களைத்த, ஆனால் என்னுடைய அம்மாவின் குரல்.

"பொறு குஞ்சு. கொஞ்சம் அழுதிட்டு வாறன்."

இரண்டு கிழமையாய் நான் கேட்டுக் கிடந்த சொல் அதுதான் என்றும், மாமிதான் அதை எனக்கு வாங்கித் தந்தார் என்றும், ஐயா அந்த இரைச்சலோடு வாசலில் காவல் இருக்கிறார் என்றும், என் தம்பிக்கு இல்லாமற்போன செத்தவீடு அந்த அறைக்குள்ளே நடக்கிறது என்றும் எனக்கு விளங்கவில்லை. நான் கதவை இன்னும் பலமாகத் தட்டினேன்.